மூன்றாவது டப்பாவின் ஞானத்தகப்பன்

லா பாஸ்
11 மார்ச் 1996

அன்புள்ள அண்ணன் நிக்கானோருக்கு,

நான் நலம். நீயும், ஃபெலிசா அண்ணியும், பிள்ளைகளும், அண்ணி சோளத்தில் காய்ச்சும் சிச்சாக் கள்ளின் பானைகளும் நலமா? இங்கே மழை இன்னும் விடவில்லை. மூக்கு மட்டும் என் பேச்சைக் கேட்காமல் ஒழுகிக்கொண்டிருக்கிறது.

நல்ல சேதி ஒன்று. போன வருடம் நம் சாந்தா ரூஃபினா மேட்டில் நான் எடுத்த தண்ணீர்ப் படத்தை வெட்டி ஒட்டி முடித்துவிட்டேன். பகலெல்லாம் கல்யாண வீடியோ எடுக்கிறேன், மிச்ச நேரத்தில்தான் இதைச் செய்ய முடிகிறது. அதனால்தான் முப்பது நிமிடப் படத்துக்கு ஒரு வருடம்.

என் முதல் இரண்டு படங்களை ஜெர்மனியில் பார்த்தார்கள், பிரான்சில் பார்த்தார்கள், கைதட்டினார்கள். அந்தப் படங்களில் இருந்த ஜனங்கள் மட்டும் பார்க்கவே இல்லை. அது என்னை அரித்துக்கொண்டே இருக்கிறது. இந்த மூன்றாவது படத்தை முதலில் நம் மேட்டு ஜனங்கள்தான் பார்க்க வேண்டும். அக்டோபர் 20ஆம் தேதி நம் குடியிருப்பின் ஆண்டு விழா அல்லவா, அன்றைக்கே போட்டுவிடலாம்.

திரை வேண்டும், ஜெனரேட்டர் வேண்டும், நாற்காலி வேண்டும், படத்துக்கு ஒரு நல்ல பிரதி வேண்டும். என் நிலைமை உனக்குத் தெரியும். கால்பந்து அணிக்குச் சட்டை வேண்டும் என்றால் செலவை ஏற்க ஒரு ஞானத்தகப்பனைப் பிடிப்பாயே, அதே மாதிரி இந்தப் படத்துக்கும் ஆள் பிடித்துக் கொடு.

அண்ணி கையால் ஒரு குவளை குடிக்க ஏங்கும்,
சுல்மா


சாந்தா ரூஃபினா மேடு, கொச்சபம்பா
9 ஏப்ரல் 1996

அன்புத் தங்கை சுல்மாவுக்கு,

இங்கே எல்லாரும் சுகம். கடைசிப் பயலுக்குப் பல் விழுந்தது, எனக்கும் ஒன்று விழுந்தது, அவனுக்கு முளைக்கும். நீ மூக்குக்கு யூகலிப்டஸ் ஆவி பிடி. ஜெர்மனிக்காரர்கள் கொடுத்த கண்ணாடிப் பரிசை இங்கே விட்டுப் போனாயே, ஃபெலிசா அதைப் பானைத் துணி பறக்காமல் இருக்க மேலே வைத்திருக்கிறாள். நல்ல கனம், நல்ல பரிசு.

நீ கேட்டபடி கிளம்பினேன். இந்த மேட்டில் பிறந்தநாள் கேக்குக்கே ஞானத்தகப்பன் உண்டு, படத்துக்கு இருக்க மாட்டாரா? கறிக்கடை அசுந்தா திரைக்கு ஞானத்தாய். மகள் கல்யாணத்துக்கு வைத்திருந்த இரண்டு படுக்கை விரிப்பைத் தருகிறாள். ஓரத்தில் ரோஜாப்பூ தைத்திருக்கிறது, படம் ரோஜாவுக்கு நடுவில் தெரியும், பரவாயில்லையா? ஜெனரேட்டருக்குச் சவப்பெட்டி செய்கிற தெயோஃபிலோ. படம் ஓட்டுகிற மெஷினுக்குப் பாதிரியார். பொரித்த சோளத்துக்கு ஒருத்தி. நாய் குரைக்காமல் பார்த்துக்கொள்ளவும் ஒரு ஞானத்தாயைப் பிடித்துவிட்டேன், உன் கல்யாண வீடியோவில்கூட இந்த வசதி இருக்காது. மொத்தம் இருபத்திரண்டு பேர். எல்லாரும் ஒரே ஒரு கேள்விதான் கேட்டார்கள்: "எம் பேரு படத்துல வருமா?" வரும் என்று சொல்லிவிட்டேன். பெரிய எழுத்தில் என்றும் சொல்லிவிட்டேன்.

பிரதிக்குத்தான் இன்னும் ஆள் அகப்படவில்லை. பெரிய தலையாகப் பார்க்க வேண்டும்.

ஒன்று கேட்கிறேன், கோபப்படாதே. முதல் படத்தில் சுரங்கத் தொழிலாளிகள் முழுக்க இருமினார்கள். இரண்டாவதில் காய்கறிக்காரிகள் அழுதார்கள். இதில் யாராவது சிரிக்கிறார்களா?

உன் உடம்பைப் பார்த்துக்கொள் என்று எல்லாரும் சொல்லச் சொன்னார்கள், சொல்லிவிட்டேன்.
நிக்கானோர்


லா பாஸ்
28 ஏப்ரல் 1996

அன்புள்ள அண்ணனுக்கு,

மூக்கு நின்றது, இருமல் தொடங்கியது. உன் புதிய ஓட்டைப் பல்லை நினைத்துச் சிரித்தேன், மன்னித்துக்கொள்.

இருபத்திரண்டு பெயர்! எழுதிப் படம் பிடித்துப் பார்த்தேன், நாலு நிமிடம் ஓடுகிறது. உலகத்திலேயே நாய்களுக்கு ஞானத்தாய் உள்ள ஒரே படம் என்னுடையதாகத்தான் இருக்கும். சரி, ஆனது ஆகட்டும். படம் மூன்று டப்பாக்களில் வரும், டப்பாவுக்குப் பத்து நிமிடம். பெயர்களை மூன்றாவது டப்பாவின் கடைசியில் சேர்த்திருக்கிறேன். முன்னால் போட்டால் அவரவர் பெயரைப் பார்த்துவிட்டு எழுந்து போய்விடுவார்கள்.

உன் பெயரையும் போடட்டுமா? இவ்வளவு அலைந்திருக்கிறாய்.

படத்தில் சிரிக்கிறார்கள், அண்ணா. அண்ணி ட்ரம்மை உருட்டிக்கொண்டு போகும்போது கேமராவைப் பார்த்துத் திட்டுகிறாளே, அந்த இடம் முழுசாக இருக்கிறது.

பிள்ளைகளுக்கு முத்தங்களுடன்,
சுல்மா


சாந்தா ரூஃபினா மேடு
19 மே 1996

அன்புத் தங்கைக்கு,

சுகம், சுகம், எல்லாரும் சுகம். இருமலுக்குத் தேனில் எலுமிச்சை பிழிந்து குடி. உட்கார்ந்துகொண்டு இதைப் படி, அப்படிப்பட்ட சேதி.

பிரதிக்கு ஞானத்தகப்பன் கிடைத்துவிட்டார்! யார் தெரியுமா? டான் ஃபானோர்! நம் தண்ணீர் லாரி ஃபானோரேதான். இந்த மேட்டுக்கே அவர் ஒருவர்தான் தண்ணீர், அவரைவிடப் பெரிய தலை யார்? நான் வாயைத் திறந்து முடிப்பதற்குள், "பிரதி முழுசும் என் பொறுப்பு கொம்பாத்ரே, விடுங்க," என்றார். பார், இப்போதே உறவுமுறை வைத்துக் கொம்பாத்ரே என்று கூப்பிடுகிறார். இனி அவரும் நாமும் ஒரே குடும்பம். ஞாயிற்றுக்கிழமை நம் வாசலில் பாட்டில் உடைத்து, பூமித்தாய்க்கு முதல் சொட்டு விட்டு, தலை நிறைய வண்ணக் காகிதத் தூள் போட்டுக்கொண்டு போனார். தூளை மூன்று நாள் தலையிலேயே வைத்துக்கொண்டு லாரி ஓட்டினார். செலவுக்கான வங்கிக் காகிதத்தை இதோடு வைத்திருக்கிறேன்.

"என் லாரி படத்துல வருதா?" என்று கேட்டார். "வராம? ரெண்டு நிமிஷமாச்சும் வரும்!" என்றேன். அன்றிலிருந்து லாரிக்குப் புது நீலப் பெயின்ட் அடிக்கிறார்.

நம் ட்ரம்மைத்தான் காலையில் முதலில் நிரப்புகிறார். சிச்சா வியாபாரத்துக்கு அது எவ்வளவு பெரிய விஷயம் என்று உனக்குத் தெரியும்.

என் பெயர் வேண்டாம். ஞானத்தகப்பன் என்றால் ஏதாவது கொடுத்திருக்க வேண்டும். நான் நாக்கை மட்டும்தானே கொடுத்தேன்.

பெருமையில் தூக்கம் வராத உன் அண்ணன்,
நிக்கானோர்


லா பாஸ்
2 ஜூன் 1996

அன்புள்ள அண்ணனுக்கு,

நலம். உங்கள் நலம் அறிய ஆவல். இங்கே நல்ல குளிர். வானம் தெளிவாக இருக்கிறது. பக்கத்து வீட்டுப் பூனை குட்டி போட்டிருக்கிறது, நாலு.

டான் ஃபானோர் பற்றி எழுதியிருந்தாய். பாட்டிலை உடைத்தே விட்டாரா? வேறு பெரிய தலை யாரும் இல்லையா?

நாலில் ஒன்று கறுப்பு.

அன்புடன்,
சுல்மா


சாந்தா ரூஃபினா மேடு
16 ஜூன் 1996

சுல்மா,

சுகம். எல்லாரும் சுகமாகத்தான் இருந்தோம், உன் பூனைக் கடிதம் வரும் வரைக்கும்.

எனக்கு உன்னை நாற்பது வருடமாகத் தெரியும். உடைந்த விளக்கைப் பற்றி அம்மா கேட்டபோதும் நீ வானம் தெளிவாக இருக்கிறது என்றுதான் சொன்னாய். உண்மையைச் சொல். போன வருடம் ஒரு நாள் விடிகிற நேரத்தில் கேமராவைத் தூக்கிக்கொண்டு செங்கல் சூளைப் பக்கம் போனாய். "எங்க போன?" என்று கேட்டதற்கு "செங்கல் எடுத்தேன்," என்றாய். நீ செங்கலைத்தான் எடுத்தாய் என்று எனக்கு எழுது. தயவுசெய்து செங்கல் என்று எழுது.

ஏனென்றால் ஃபெலிசாவிடம் கேட்டேன். சூளைக்குப் பின்னால் குட்டை இருக்கிறதாம், அங்கே விடிகாலையில் நீல லாரி நிற்பதை யாரோ பார்த்தார்களாம். அப்போது அது பழைய நீலம்.

அந்த மாதிரி ஏதாவது இருந்தால் வெட்டிவிடு. கத்தரிக்கோல் உன் கையில்தானே இருக்கிறது? அவர் நம் கொம்பாத்ரே. கொம்பாத்ரேயைப் பற்றி அவன் முதுகுக்குப் பின்னால்கூடத் தப்பாகப் பேசக் கூடாது, நீ ரோஜாப்பூ விரிப்பில் பெரிதாகக் காட்டப் பார்க்கிறாய். நாளைக்கே அவர் லாரியைத் திருப்பிக்கொண்டு போனால் நாங்கள் எதைக் காய்ச்சுவது? உன் படத்தையா?

பதில் உடனே போடு. பூனை வேண்டாம்.
நிக்கானோர்


லா பாஸ்
11 ஆகஸ்ட் 1996

அன்புள்ள அண்ணனுக்கு,

எட்டு வாரமாக எழுதவில்லை. உடம்புக்கு ஒன்றுமில்லை, எழுதத் தைரியம் இல்லை, அவ்வளவுதான். அண்ணியும் பிள்ளைகளும் சுகமாக இருக்க வேண்டும், நீ என்மேல் கோபமாக இருந்தாலும் சுகமாக இரு.

செங்கல் இல்லை, அண்ணா. டான் ஃபானோர் லாரியின் குழாயை அந்தக் குட்டையில் போட்டு உறிஞ்சுகிறார். பக்கத்தில் வாத்து நீந்துகிறது. ஒரு நாய் குளிக்கிறது. சூளைக்காரன் ஒருவன் காலைக் கழுவுகிறான். அதே லாரி அரை மணி நேரத்தில் நம் மேட்டுக்கு வந்து, "நல்ல ஊத்துத் தண்ணி! நல்ல ஊத்துத் தண்ணி!" என்று கூவுகிறது. இரண்டு நிமிடம் இல்லை, பெயர்கள் வரும்வரை மூன்றாவது டப்பா முழுக்க அதுதான். அதை வெட்டினால் மிஞ்சுவது அண்ணி திட்டுவது மட்டும்தான்.

அப்போது உன்னிடம் ஏன் சொல்லவில்லை என்று கேட்பாய். சொன்னால் எடுக்க விடமாட்டாய் என்று பயந்தேன். அது என் தப்பு.

இன்னொன்றும் நான் உனக்குச் சொன்னதில்லை. சுரங்கப் படத்தில் எவாரிஸ்தா என்று ஒரு விதவை பேசினாள். புருஷன் எப்படிச் செத்தான் என்று மூன்று நிமிடம் சொன்னாள். சுரங்க மேலாளர் எங்களுக்கு ஒரு மாதம் சோறு போட்டவர், நல்ல மனிதர், அவர் முகத்துக்காக அந்த மூன்று நிமிடத்தை வெட்டினேன். படம் பரிசு வாங்கியது. பிறகு அவள் ஆஸ்பத்திரிக்காக இங்கே வந்தபோது என் அறைச் சுவரில் போட்டுக் காட்டினேன். முடிந்ததும், "நான் சொன்னது எங்கேம்மா?" என்றாள். நான் எதையோ உளறினேன். ஊற்றிவைத்த தேநீரைக் குடிக்காமல் போய்விட்டாள். அந்தப் படத்தில் இருந்தவர்களில் அதைப் பார்த்தது அவள் ஒருத்திதான்.

அண்ணியின் பானைமேல் இருக்கிற பரிசு அதற்குக் கொடுத்ததுதான். அதனால்தான் இங்கே எடுத்து வரவில்லை.

நான் வெட்ட மாட்டேன். அக்டோபர் முதல் வாரம் மூன்று டப்பாவையும் பஸ்ஸில் அனுப்புகிறேன், மூன்றாவதற்குச் சிவப்பு ரிப்பன் கட்டியிருக்கும். நான் 18ஆம் தேதி வந்துவிடுவேன். நானே ஓட்டுகிறேன், நானே திட்டு வாங்கிக்கொள்கிறேன். நீ சிச்சா ஊற்றிக்கொண்டு ஒன்றும் தெரியாதவன் மாதிரி நில்.

மன்னிப்புக் கேட்டுக்கொண்டு,
சுல்மா


தந்தி
லா பாஸ், 18 அக்டோபர் 1996

சாலை மறியல். எந்த பஸ்ஸும் போகவில்லை. வர முடியாது. மூன்றாவது டப்பா உன் கையில். அனைவர் சுகமும் விரும்பும் சுல்மா.


சாந்தா ரூஃபினா மேடு
4 நவம்பர் 1996

அன்புத் தங்கைக்கு,

நாங்கள் உயிரோடு இருக்கிறோம். நீயும் மறியலில் கல்லடி படாமல் சுகமாக இருப்பாய் என்று நினைக்கிறேன். நடந்ததை வரிசையாகச் சொல்கிறேன், குறுக்கே பேசாதே.

டப்பாக்கள் வந்த அன்றே ஃபானோர் ஓடி வந்தார். ஞானத்தகப்பன் அல்லவா, மூன்று டப்பாவுக்கும் சிச்சா தெளித்து, காகிதத் தூள் தூவி, ஒவ்வொன்றையும் குழந்தை மாதிரித் தடவிவிட்டுப் போனார். அதற்குப் பிறகு மூன்றாவது டப்பா எப்படியோ சோளமாவு மூட்டைக்கு அடியில் போய்விட்டது. வீடு என்றால் இப்படி எல்லாம் ஆகும்.

விழாவன்று மேடே திரண்டு வந்துவிட்டது. முதல் டப்பா ஓடியது. அடடா, அவரவர் முகத்தைப் பார்த்து என்ன கூச்சல்! ஃபெலிசா திட்டுகிற இடத்தை மூன்று முறை போடச் சொன்னார்கள். பாதிரியாரும் மூன்று முறை போட்டார். அண்ணி இப்போது பெரிய நடிகை, என்னிடம் சரியாகப் பேசுவதில்லை. இரண்டாவது டப்பாவும் ஓடியது. நான் எழுந்து, "அவ்வளவுதான், படம் முடிஞ்சுது, வாங்க குடிக்கலாம்," என்றேன்.

முன்வரிசையில் புதுத் தொப்பியோடு உட்கார்ந்திருந்த ஃபானோர் எழுந்தார். "முடிஞ்சுதா? நான் மூணு டப்பாவுக்குத் தெளிச்சேன், கொம்பாத்ரே. ரெண்டுதான ஓடிருக்கு. என் லாரி எங்க?"

"எம் பேரு எங்க?" என்றாள் அசுந்தா. "வரும்னு சொன்னியே!"

"எங்க பேரு எங்கய்யா?" என்று இருபத்திரண்டு பேரும் எழுந்துவிட்டார்கள். நாய்களின் ஞானத்தாய்கூடக் கத்தினாள், அதனால் நாய்களும் கத்தின.

"தேடிப் பாக்குறேன்," என்று வீட்டுக்குள் போனேன். தேட ஒரு நிமிடம் ஆயிற்று. கொண்டு வந்து கொடுத்தேன்.

சுல்மா, அந்த வாத்து திரையில் வந்ததும் முதலில் எல்லாரும் சிரித்தார்கள். பிறகு நாய் வந்தது. பிறகு நீலக் குழாய் வந்தது. ஜெனரேட்டர் ஓடுகிற சத்தம் மட்டும்தான் கேட்டது. ஃபானோர் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார். பெயர்கள் வந்தன. ஒவ்வொரு பெயருக்கும் கைதட்டினார்கள். ஃபானோர் பெயருக்கு மட்டும் யாரும் தட்டவில்லை.

அப்புறம் யாரோ ஃபெலிசாவைத் திரும்பிப் பார்த்தார்கள். "அப்ப நாங்க இத்தன நாளும் குடிச்ச சிச்சா?"

"நான் ரெண்டு நாள் கொதிக்க வைக்கிறேன்! வாத்து இருந்தாலும் வெந்திருக்கும்!" என்று கத்திவிட்டு, உள்ளே போனாள். நம் ட்ரம்மிலிருந்து, அன்று காலை அவர் ஊற்றிய தண்ணீரை, காய்ச்சாமல் ஒரு கிளாஸ் எடுத்து வந்தாள். நேரே ஃபானோர் முன்னால் நின்றாள். "கொம்பாத்ரே, விருந்துல முதல் கிளாஸ் ஞானத்தகப்பனுக்குத்தான? நல்ல ஊத்துத் தண்ணி. குடிங்க."

மறுக்க முடியுமா? வழக்கம் அப்படி. வாங்கினார். பூமித்தாய்க்கு ஒரு சொட்டு விட்டார். எங்களைப் பார்த்தார். இன்னொரு சொட்டு விட்டார். பிறகு கண்ணை மூடிக்கொண்டு கிளாஸ் முழுவதையும் பூமித்தாய்க்கே கொடுத்துவிட்டார்.

"ஆத்தா இன்னிக்கு ரொம்ப தாகமா இருக்கா போல!" என்றாள் அசுந்தா. மேடே வெடித்துச் சிரித்தது. நானும் சிரித்தேன், அழுகையும் வந்தது. நீ அங்கே இல்லையே என்று இருந்தது.

மறுநாளிலிருந்து ஒன்பது நாள் லாரி வரவில்லை. பாதிரியார் வீட்டுக் கிணற்றில் வரிசையில் நின்றோம். சிச்சா காய்ச்சவில்லை, விற்பனைக்குச் சிச்சா உண்டு என்று காட்டுகிற வெள்ளைக்கொடி வாசல் கம்பத்தில் ஏறவில்லை. பத்தாவது நாள் ஃபானோரே வந்தார். படத்தின் சேதி பக்கத்து மேடுகளுக்கும் போய்விட்டதாம், எங்கே போனாலும் "வாத்து லாரி வருது!" என்கிறார்களாம். பேசினோம். இப்போது தினமும் காலையில் இரண்டு பெண்கள் லாரியின் முன்சீட்டில் ஏறிப் போய், உண்மையான ஊற்றில் குழாய் இறங்குவதைப் பார்த்துவிட்டு அதிலேயே வருகிறார்கள். ஃபெலிசாவுக்குச் செவ்வாயும் வெள்ளியும். நம் ட்ரம் இப்போது கடைசியில்தான் நிரம்புகிறது. ஆனால் நிரம்புகிறது.

டப்பாக்களை நாளைய பஸ்ஸில் அனுப்புகிறேன்.

எல்லாருடைய அன்பும் இதோடு வருகிறது, ஃபானோருடையது தவிர.
நிக்கானோர்


லா பாஸ்
17 நவம்பர் 1996

என் அன்பு அண்ணனுக்கு,

நலம், இவ்வளவு நலமாக நான் இருந்து ரொம்ப நாளாயிற்று. முன்சீட்டில் உட்கார்ந்து போகிற அண்ணிக்குக் காற்று படாமல் சால்வை போர்த்திவிடு.

உன் கடிதத்தை ஏழு முறை படித்தேன். பூமித்தாயின் தாகத்தை நினைத்துக் கல்யாண வீட்டில் கேமராவைப் பிடித்துக்கொண்டே சிரித்துவிட்டேன், மணமகள் முறைத்தாள்.

டப்பாக்கள் பத்திரமாக வந்தன. மூன்றாவது டப்பாவின் மூடிக்கு உள்ளே ஒரு கைப்பிடி சோளமாவு இருந்தது. மூட்டைக்கு அடியில் தற்செயலாகப் போன டப்பாவின் மூடி தானாகத் திறந்து மூடாது, அண்ணா. உள்ளே என்ன இருக்கிறது என்று ஃபிலிமை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்திருக்கிறாய். வாத்தைப் பார்த்திருக்கிறாய். ஒளித்தும் வைத்திருக்கிறாய்.

எனக்கு அதில் கோபம் இல்லை. அன்றைக்கு அந்த ஒரு நிமிடத்தில் வெளியே வந்து "காணோம்" என்று சொல்லியிருக்கலாம். எல்லாரும் நம்பியிருப்பார்கள், உன் முகம் அப்படி. வியாபாரம் போகும் என்று தெரிந்தும் எடுத்து வந்தாய். நான் எவாரிஸ்தாவுக்குச் செய்யாததை நீ செய்தாய்.

ஒரு பெயர் விட்டுப்போயிற்று. எடுத்து ஒட்டிவிட்டேன். இனி இந்தப் படம் எந்த ஊரில் ஓடினாலும் கடைசி வரி இதுதான்: "மூன்றாவது டப்பாவின் ஞானத்தகப்பன்: நிக்கானோர் தெர்ராசாஸ்." பெரிய எழுத்தில்.

கிறிஸ்துமஸுக்கு எவாரிஸ்தாவின் ஊருக்குப் போகிறேன். வெட்டிய மூன்று நிமிடம் என் அலமாரியில் இன்னும் இருக்கிறது. அதை அந்த ஊர்ச் சுவரில் போட்டுக் காட்டிவிட்டு, அங்கிருந்து நேரே உங்களிடம் வருகிறேன்.

கட்டிக்கொண்டு,
சுல்மா


சாந்தா ரூஃபினா மேடு
1 டிசம்பர் 1996

அன்புத் தங்கைக்கு,

எல்லாரும் சுகம். மழை தொடங்கிவிட்டது, ட்ரம்களை வெளியே வைத்திருக்கிறோம். உன் இருமலைப் பற்றி இந்த முறை ஒன்றும் எழுதவில்லையே, போய்விட்டது என்று எடுத்துக்கொள்கிறேன்.

நீ எழுதிய அந்த வரியை ஃபெலிசா என்னை நாலு முறை படிக்கச் சொன்னாள். படித்தேன். ஐந்தாவது முறை யாரும் கேட்கவில்லை, நானாகப் படித்தேன். ஃபானோருக்கும் சேதி போய்விட்டது. அடுத்த படத்துக்கும் தானே ஞானத்தகப்பன் என்கிறார், இந்தத் தடவை ஊற்றில் இருந்து எடுப்பதைக் காட்ட வேண்டுமாம்.

கண்ணாடிப் பரிசைக் கழுவித் துடைத்து வைத்திருக்கிறோம். நீ வந்ததும் எடுத்துக்கொண்டு போ, பானைக்கு ஒரு நல்ல கல் கிடைத்துவிட்டது.

என் பெயரை எடுத்துவிடு என்று எழுதத்தான் உட்கார்ந்தேன். இந்த மேட்டில் எல்லாரும் ஏதாவது ஒன்றைக் கொடுத்து ஞானத்தகப்பன் ஆனார்கள், ஒளித்து வைத்து ஆனவன் நான் ஒருவன்தான். ஆனாலும் எடுக்காதே, இருக்கட்டும்.

வழி பார்த்துக்கொண்டு,
நிக்கானோர்